ஃபுளோரன்ஸில் வழிகாட்டியுடன் கலைக்கூடமும் நகர நடையும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இத்தாலிப் பயணத்தில் ஃபுளோரன்ஸுக்கு ஒரு நாளோ இரண்டு நாளோ ஒதுக்குகிறவர்கள், அங்கே வழிகாட்டியுடன் செல்லும் கலைக்கூடச் சுற்றைப் பற்றி ஏறக்குறைய ஒரே ஐயங்களையே எழுப்புகிறார்கள். அவற்றைக் கேட்டவர்களின் சொற்களிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன். எளிய கேள்விகள் முதலிலும் சிக்கலானவை பின்னாலும் வருகின்றன.

ஃபுளோரன்ஸில் "கைடட் டூர்" என்றால் எதையெல்லாம் காட்டுவார்கள்?

பெரும்பாலான சுற்றுகள் ஒரே பாதையின் வெவ்வேறு துண்டுகள்தான். மைக்கலாஞ்சலோவின் டேவிட் சிலை இருக்கும் அகாதெமியா கலைக்கூடத்தில் தொடங்கி, தூவோமோ எனப்படும் பேராலயத்தின் சதுக்கத்தைக் கடந்து, கால்சாயுவோலி தெரு வழியாகச் சிஞ்ஞோரியா சதுக்கத்துக்கு வந்து, உஃபீஸி கலைக்கூடத்தைப் பார்த்துவிட்டு, ஆர்னோ ஆற்றின் மேலுள்ள பொன்தே வெக்கியோ பாலத்தில் முடிப்பார்கள். தொடக்கத்திலிருந்து முடிவு வரை ஏறத்தாழ ஒன்றரைக் கிலோமீட்டர்தான், வண்டி தேவைப்படாது.

தொலைவு குறைவு என்பதால் களைப்பும் குறைவாக இருக்கும் என்று எண்ண வேண்டாம். கால் வலிப்பது பெரும்பாலும் நடப்பதால் அல்ல, கல் தரையில் நின்றுகொண்டே கேட்பதால். நல்ல காலணி இல்லாமல் இந்தச் சுற்றுக்குப் போகக் கூடாது.

கைடு இல்லாமல் நாங்களே சுற்றினால் போதாதா? எல்லாம் போனிலேயே இருக்கிறதே?

தெருக்களுக்கு வழிகாட்டி கட்டாயமில்லை. சிறிய நகரம், பாதை தெளிவானது. ஒரு வரைபடம் இருந்தால் போதும். டேவிட் சிலையும் தனியாகப் பார்த்தாலே மனத்தைப் பற்றிக்கொள்ளும். உஃபீஸிக்கு மட்டும் வழிகாட்டியை அமர்த்திக்கொள்ளுங்கள் என்று எல்லோரிடமும் சொல்கிறேன். அங்கே பார்க்க வேண்டியது தனித்தனிப் படங்களை மட்டுமல்ல, ஒரு படத்திலிருந்து அடுத்த படத்துக்குள் நிகழும் மாற்றத்தையும் தான். அந்த மாற்றத்தைக் கண்ணுக்குக் காட்டித் தர ஒருவர் பக்கத்தில் இருக்க வேண்டும்.

ஓர் எடுத்துக்காட்டுச் சொன்னால் புரியும். சுற்றின் தொடக்கத்தில், குழந்தை இயேசுவை மடியில் வைத்து அரியணையில் அமர்ந்திருக்கும் மரியாளின் மூன்று பெரிய பலகை ஓவியங்கள் ஒரே அறையில் இருக்கின்றன: சிமாபூவே வரைந்தது, 1285-இல் தூச்சோவிடம் வரையச் சொன்னது, 1300-க்குப் பிந்தைய ஆண்டுகளில் ஜொத்தோ வரைந்தது. மூன்றிலும் பின்னணி பொன் தகடு. மூன்றிலும் வானதூதர்கள் சூழ்ந்திருக்கிறார்கள். அறைக்குள் நுழைந்தவர்களில் பெரும்பாலோர் "எல்லாம் ஒரே மாதிரி இருக்கிறது" என்று அரை நிமிடத்தில் வெளியேறிவிடுவார்கள். சிமாபூவேயின் மரியாளின் உடையில் மடிப்புகள் பொன் கோடுகளாகப் பரவிக் கிடப்பதையும், ஜொத்தோவின் மரியாளுக்கு அந்த உடைக்கு அடியில் முழங்கால்களும் மார்பும் இருப்பதையும், அவளுடைய உடல் எடையை அந்த அரியணை உண்மையாகவே தாங்குவதையும் ஒரு நல்ல வழிகாட்டி ஐந்து நிமிடத்தில் காட்டிவிடுவார். ஐரோப்பிய ஓவியம் அடுத்த இருநூறு ஆண்டுகள் நடந்த பாதை அந்த அறையில் தொடங்குகிறது. அதைக் கண்டவர்களுக்கு மற்ற அறைகள் தாமாகவே திறந்துகொள்ளும்.

எந்தக் கிழமையில் போவது நல்லது?

திங்கட்கிழமை உஃபீஸியும் அகாதெமியாவும் மூடியிருக்கும். ஒரே நாள் மட்டும் ஃபுளோரன்ஸில் இருப்பவர்கள் அந்த நாள் திங்களாக அமையாமல் பார்த்துக்கொள்வது முதல் வேலை. மாதத்தின் முதல் ஞாயிறு அரசு அருங்காட்சியகங்களில் நுழைவு இலவசம். அன்றைக்கு வரிசையும் நெரிசலும் எவ்வளவு இருக்கும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. படங்களை நின்று பார்க்க விரும்புகிறவர்கள் அந்த ஞாயிற்றைத் தவிர்க்கலாம்.

செவ்வாய் முதல் வெள்ளி வரை, காலை 8:15-க்குக் கதவு திறந்ததும் உள்ளே நுழையும் முன்பதிவு சிறந்தது. பிற்பகலின் பிந்தைய வேளையும் நல்லதுதான். ஆனால் மூடும் நேரத்துக்கு முன்பே அறைகளிலிருந்து ஆட்களை வெளியேற்றத் தொடங்கிவிடுவார்கள் என்பதைக் கணக்கில் கொள்ள வேண்டும். ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில் வெயில் கடுமையாக இருக்கும். அப்போது கலைக்கூடத்தை நடுப்பகலிலும் தெரு நடையைக் காலையிலோ மாலையிலோ வைத்துக்கொள்வது அறிவுடைமை.

டிக்கெட் நாங்களே எடுத்துவிட்டோம். கைடை மட்டும் தனியாக ஏற்பாடு செய்ய முடியுமா?

முடியும். இத்தாலியில் வழிகாட்டித் தொழிலுக்கு அரசு உரிமம் வேண்டும். அதற்கான தேசியப் பதிவேட்டுக்கு 2023-ஆம் ஆண்டின் சட்டம் வழி செய்தது. உரிமம் பெற்றவர் அடையாள அட்டையைக் கழுத்தில் அணிந்திருப்பார். பணம் கொடுப்பதற்கு முன் உரிமம் இருக்கிறதா என்று கேட்பதில் தயக்கம் வேண்டாம். உண்மையான வழிகாட்டிகள் அந்தக் கேள்வியை வரவேற்பார்கள்.

நீங்கள் எடுத்த சீட்டில் உள்ள நுழைவு நேரத்தை முதலில் அவரிடம் சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் அவருடைய வேலை நேரத்தை மாற்றுவது எளிது, சீட்டின் நேரத்தை மாற்றுவது எளிதல்ல. நான்கைந்து பேர் கொண்ட குடும்பமாக இருந்தால் தனி வழிகாட்டிக்குக் கொடுக்கும் தொகையைத் தலைக்குப் பிரித்துப் பாருங்கள். பெரிய குழுச் சுற்றின் கட்டணத்திலிருந்து அது பல நேரங்களில் அதிகம் விலகியிருக்காது. கேள்வி கேட்கும் சுதந்திரமோ பல மடங்கு கூடுதலாக இருக்கும்.

"வரிசையில் நிற்க வேண்டாம்" என்று விளம்பரத்தில் போட்டிருந்தார்கள். ஆனாலும் நிற்க வைத்தார்கள். ஏமாற்றிவிட்டார்களா?

அந்த விளம்பரம் குறிப்பது சீட்டு வாங்கும் வரிசையை மட்டும். பைகளைச் சோதிக்கும் பாதுகாப்பு வரிசையில் முன்பதிவு செய்தவர்களும் நின்றே ஆக வேண்டும். குடையும் பெரிய முதுகுப்பையும் கொண்டு சென்றால் அவற்றைப் பொருள் வைப்பறையில் ஒப்படைக்க வேண்டியிருக்கும், நேரம் இன்னும் கூடும். கையில் சிறிய பை போதும்.

உண்மையான ஏமாற்று வேறிடத்தில் நடக்கிறது. கலைக்கூடத்தின் சொந்த இணையதளம் போலவே தோற்றமளிக்கும் இடைத்தரகர் தளங்கள் அதே சீட்டைப் பெரிய கூடுதல் விலைக்கு விற்கின்றன. வாங்குவதற்கு முன் அது கலைக்கூடத்தின் தளம்தானா என்று முகவரியைப் பாருங்கள். சுற்று நிறுவனம் கேட்கும் தொகையில் நுழைவுச் சீட்டு, முன்பதிவுக் கட்டணம், வழிகாட்டியின் ஊதியம் ஆகிய மூன்றும் அடங்கியிருக்கின்றனவா என்பதையும் எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

கைடு பேசுகிற ஆங்கிலம் எங்களுக்குப் புரியுமா?

இத்தாலியர் பேசும் ஆங்கிலம் மெல்லிய தாளத்தோடு வரும். பத்து நிமிடத்தில் காது பழகிவிடும். குழுவாகச் செல்பவர்களுக்குக் காதில் மாட்டும் சிறு கேட்பொறியைக் கொடுப்பார்கள் என்பதால் கூட்டத்தின் பின்னால் நின்றாலும் கேட்கும். சிக்கல் பெரும்பாலும் மொழியால் வருவதில்லை, பெயர்களால் வருகிறது. மெதிசி, புருனெல்லெஸ்கி, கிபெர்த்தி, தொனத்தெல்லோ, போத்திச்செல்லி, வசாரி ஆகிய ஆறு பெயர்களை முன்கூட்டியே அறிந்துகொண்டு போனால் பேச்சு இடறாமல் செல்லும்: முதலாவது, ஊரை ஆண்ட வங்கிக் குடும்பம், இரண்டாமவர் பேராலயத்தின் குவிமாடத்தைக் கட்டியவர், மூன்றாமவர் வெண்கலக் கதவுகளைச் செய்தவர், அடுத்தவர் சிற்பி, அதற்கடுத்தவர் ஓவியர், கடைசியாக உள்ளவர் உஃபீஸிக் கட்டடத்தை வடிவமைத்தவர்.

பைபிள் கதை எதுவும் தெரியாது. படங்கள் புரியுமா?

புரியும். கோயில் தூணில் வேலையும் மயிலையும் கண்டதும் முருகன் என்றும், சங்கையும் சக்கரத்தையும் கண்டதும் திருமால் என்றும் அறிந்துகொள்ளும் பழக்கம் நமக்கு உண்டல்லவா? இந்த ஓவியங்களும் அதே முறையில்தான் இயங்குகின்றன. சாவி ஏந்தியவர் இராயப்பர். ஒட்டக மயிர் உடையோடு நாணல் சிலுவை ஏந்தியவர் திருமுழுக்கு யோவான். உடலில் அம்புகள் தைத்தவர் செபஸ்தியார். முள் பதித்த சக்கரத்தோடு நிற்பவர் கத்தரீனம்மாள். கையில் தைலச் சிமிழ் வைத்திருப்பவர் மகதலா மரியா. தமிழகத்திலோ இலங்கையிலோ கத்தோலிக்கக் கோயில் உள்ள ஊரில் வளர்ந்தவர்கள் இவர்களில் பலரை முன்பே அறிந்திருப்பார்கள்.

மூன்று காட்சிகளை மட்டும் தெரிந்துகொண்டு போனால் உஃபீஸியின் மேல் தளத்தில் பெரும்பகுதி விளங்கும். வானதூதர் கபிரியேல் லீலி மலரோடு வந்து மரியாளுக்குச் செய்தி சொல்லும் மங்கள வார்த்தை, கீழைத்தேசத்து ஞானிகள் மூவர் குழந்தையை வணங்குவது, யோர்தான் ஆற்றில் இயேசு திருமுழுக்குப் பெறுவது. இவற்றை ஒவ்வோர் ஓவியரும் எப்படி வேறுபடுத்தினார் என்பதைப் பார்ப்பதுதான் அங்கே கிடைக்கும் இன்பம்.

டேவிட் சிலையை மட்டும் பார்த்தால் போதும். அதற்கு ஒரு கைடு எதற்கு?

சிலையின் முன் நிற்பதற்கு வழிகாட்டி வேண்டாம். அதைச் சுற்றி வரும்போது வேண்டும். 5.17 மீட்டர் உயரமுள்ள அந்தப் பளிங்கு, மைக்கலாஞ்சலோவின் கைக்கு வருவதற்கு ஏறத்தாழ 40 ஆண்டுகளுக்கு முன்பே வேறொரு சிற்பி செதுக்கத் தொடங்கிக் கைவிட்ட கல். குறுகலான, முன்பே வெட்டுப்பட்ட அந்தக் கல்லிலிருந்து 1501-க்கும் 1504-க்கும் இடையே, இருபதுகளின் நடுவில் இருந்த ஓர் இளைஞர் இந்த உருவத்தை வெளிக்கொணர்ந்தார். பேராலயத்தின் உச்சியில் வைப்பதற்காகத் தொடங்கிய சிலையை எங்கே நிறுத்துவது என்று 1504-இல் ஒரு குழு கூடி ஆராய்ந்தது. லியொனார்டோ டா வின்சியும் போத்திச்செல்லியும் அதில் இருந்தார்கள். முடிவில் அரசு மாளிகையின் வாசலில் நிறுத்தப்பட்ட சிலை, 1527-ஆம் ஆண்டுக் கலகத்தில் இடக்கை உடைந்து, பின்னர் ஒட்டப்பட்டு, 1873-இல் இன்றைய கூடத்துக்கு நகர்த்தப்பட்டது.

முன்பக்கத்திலிருந்து பார்த்தால் நிதானமாக நிற்கும் இளைஞன் தெரிவான். அவனுடைய இடப்பக்கமாக நகர்ந்து கண்களையும் புருவ முடிச்சையும் பாருங்கள். அந்த முகத்தில் அமைதி இல்லை. பைபிள் கதையில் டேவிட் போரிட்டுக் கொன்ற பேருருவ வீரன் கோலியாத்தின் வெட்டிய தலை காலடியில் கிடக்கும்படி தொனத்தெல்லோ செய்த வெண்கல டேவிட் பார்ஜெல்லோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது. மைக்கலாஞ்சலோவின் டேவிட்டுக்குக் காலடியில் தலை இல்லை. போர் இன்னும் நடக்கவில்லை. நரம்பு புடைத்த அந்தப் பெரிய வலக்கையைப் பார்க்கும்போது இதை நினைவில் வைத்துக்கொண்டால் சிலையே வேறாகத் தெரியும்.

டேவிட்டை நோக்கிச் செல்லும் நீண்ட கூடத்தின் இருபுறமும் கைதிகள் எனப்படும் முற்றுப்பெறாத உருவங்கள் நிற்கின்றன. போப் இரண்டாம் ஜூலியஸின் கல்லறைக்காகத் தொடங்கப்பட்டவை அவை. உளித்தடங்கள் கல்லில் அப்படியே இருக்கின்றன. தோளும் முழங்காலும் வெளியே வந்திருக்க, தலை இன்னும் கல்லுக்குள் இருக்கிறது. மைக்கலாஞ்சலோ எப்படி வேலை செய்தார் என்பதை டேவிட்டைவிட இவைதான் தெளிவாகக் காட்டுகின்றன. கூட்டம் இவற்றைக் கடந்து ஓடும்போது உங்களை நிறுத்திக் காட்டுகிறவர் நல்ல வழிகாட்டி.

அகாதெமியா, உஃபீஸி இரண்டையும் ஒரே நாளில் முடித்துவிடலாமா?

உடலால் முடியும், நிறுவனங்களும் அப்படியே விற்கின்றன. எனினும் இரண்டு நாள் தங்குகிறவர்கள் பிரித்துக்கொள்வதே நல்லது. அகாதெமியாவுக்கு ஒன்றரை மணி நேரம் போதும். உஃபீஸிக்கு வழிகாட்டியுடன் இரண்டு மணி நேரமும், அதன் பிறகு தனியாக ஒரு மணி நேரமாவதும் தேவை. ஒரே நாள்தான் இருக்கிறது என்றால், அகாதெமியாவைக் காலை முதல் வேளையிலும் உஃபீஸியைப் பிற்பகலிலும் வைத்து, இடையில் இரண்டு மணி நேரமாவது உட்கார்ந்து உணவருந்தி ஓய்வெடுங்கள்.

உஃபீஸியில் நேரம் குறைவு. எவற்றை விடவே கூடாது?

மேலே சொன்ன மூன்று மரியாள் ஓவியங்களில் தொடங்குங்கள். அடுத்து போத்திச்செல்லி. அவருடைய "வசந்தம்" மரப்பலகையிலும் "வீனஸின் பிறப்பு" துணியிலும் வரையப்பட்டவை, இரண்டும் 1480-களையொட்டியவை. கூட்டம் எப்போதும் வீனஸின் முன்தான் திரளும். அந்த நேரத்தில் "வசந்தம்" ஓவியத்தின் அடிப்பகுதிக்குப் போய் புல்லில் உள்ள செடிகளையும் பூக்களையும் ஒவ்வொன்றாகப் பாருங்கள். பெயர் சொல்லி அடையாளம் காணும் அளவுக்கு அவை நுணுக்கமாக இருக்கின்றன.

லியொனார்டோவின் "மங்கள வார்த்தை" ஓவியத்தை நேராக நின்று பார்த்தால் மரியாளின் வலக்கை இயல்புக்கு மீறி நீண்டிருப்பதுபோல் தோன்றும். படத்தின் வலப்பக்கம் நகர்ந்து, சற்றே குனிந்து பார்த்தால் அளவு சரியாகிவிடுகிறது. பக்கவாட்டிலிருந்து பார்க்கப்படும் இடத்துக்காக வரையப்பட்டிருக்கலாம் என்று இதனால் கருதுகிறார்கள். ஆசிரியர் வெரோக்கியோவின் "திருமுழுக்கு" படத்தில் இடப்பக்கம் மண்டியிட்டிருக்கும் வானதூதரும் இளம் லியொனார்டோ வரைந்ததே. மைக்கலாஞ்சலோ முடித்துக்கொடுத்த, உறுதியாக அவருடையது என்று சொல்லத்தக்க ஒரே பலகை ஓவியமான வட்ட வடிவத் "தோனி தொந்தோ" அதே தளத்தில் இருக்கிறது. ரஃபேலின் "பொற்குருவி மரியாள்" 16-ஆம் நூற்றாண்டின் நடுவில் வீடு இடிந்து பல துண்டுகளாக உடைந்த படம். நெடிய சீரமைப்புக்குப் பின் 2008-இல் மீண்டும் காட்சிக்கு வந்தது.

கீழ்த்தளத்தைப் பலர் தவறவிடுகிறார்கள். சுற்று மேல் தளத்தில் தொடங்குவதால், கீழே வரும்போது கால்கள் ஓய்ந்து வாசலைத் தேடத் தொடங்கிவிடும். காரவாஜ்ஜோவின் "மெதூசா"வும், ஆர்த்தெமீசியா ஜெந்திலெஸ்கி ஏறத்தாழ 1620-இல் வரைந்த "யூதித்து ஒலோபெர்னைக் கொல்வது" ஓவியமும் அங்கேதான் இருக்கின்றன. பெண் ஓவியர்களுக்குப் பொதுப்பணி கிடைப்பதே அரிதான காலத்தில், இரண்டு பெண்கள் முழு உடல் வலுவையும் கொடுத்துச் செய்யும் ஒரு செயலாக அந்தக் காட்சியை அவர் தீட்டியிருக்கிறார். உஃபீஸியில் ஒரே ஒரு படத்துக்கு நேரம் இருக்கிறது என்று யாரேனும் சொன்னால் நான் இதைத்தான் சொல்வேன். அறை எண்களைக் குறித்துக்கொண்டு போக வேண்டாம். படங்களை இடம் மாற்றிக்கொண்டே இருக்கிறார்கள்.

டூர் முடிந்ததும் எல்லோரும் வெளியே வந்துவிட வேண்டுமா?

வேண்டியதில்லை. சுற்று கலைக்கூடத்துக்குள் முடிந்தால், நீங்களாக வெளியேறும் வரை உள்ளேயே இருக்கலாம். வெளியே வந்துவிட்டால் அதே சீட்டில் திரும்ப நுழைய முடியாது. எனவே சுற்றை உள்ளேயே முடித்துவிடும்படி வழிகாட்டியிடம் தொடக்கத்திலேயே சொல்லிவிடுங்கள். அவர் காட்டியவற்றில் மனத்தில் நின்ற இரண்டு படங்களுக்குத் திரும்பிப் போய், பேச்சில்லாமல் பத்து நிமிடம் நில்லுங்கள். வழிகாட்டிக்குக் கொடுத்த பணத்தின் முழுப் பயன் அப்போதுதான் கிடைக்கிறது.

தூவோமோவுக்குள் கூட்டிக்கொண்டு போவார்களா?

நடைச்சுற்றில் "தூவோமோ" என்று எழுதியிருந்தால் பெரும்பாலும் வெளியிலிருந்து காட்டுவதையே குறிக்கும். பேராலயத்துக்குள் நுழையக் கட்டணம் இல்லை, ஆனால் வரிசை உண்டு. தோளும் முழங்காலும் மறைந்திருக்க வேண்டும். குவிமாடத்தில் ஏறுவதற்கு நேரம் குறித்த தனிச் சீட்டு வேண்டும். 1420 முதல் 1436 வரை புருனெல்லெஸ்கி கட்டிய அந்தக் குவிமாடம், கீழிருந்து தாங்கும் மரச்சாரம் இல்லாமல், ஒன்றுக்குள் ஒன்றாக இரண்டு ஓடுகளாக எழுப்பப்பட்டது. ஏறுகிறவர்கள் அந்த இரண்டு ஓடுகளுக்கு இடையிலேயே நடந்து போகிறார்கள். ஒன்றை ஒன்று கவ்விக்கொள்ளும்படி மீன்முள் வடிவில் அடுக்கிய செங்கற்களைக் கையெட்டும் தூரத்தில் காணலாம்.

எதிரே உள்ள திருமுழுக்கு ஆலயத்தின் பொன் பூசிய கதவை எல்லோரும் படம் எடுப்பார்கள். அது நகல். 1425 முதல் 1452 வரை கிபெர்த்தி உழைத்துச் செய்த மூலக்கதவு, பேராலயத்தின் பின்புறமுள்ள அருங்காட்சியகத்தில் இருக்கிறது. சிஞ்ஞோரியா சதுக்கத்தில் நிற்கும் டேவிட்டும் 1910-இல் வைத்த நகலே. ஆனால் அதே சதுக்கத்தின் திறந்த மண்டபத்தில் நிற்கும் செல்லினியின் வெண்கலப் பெர்சியூஸ் மூலச்சிலை. அதற்கு அருகில் போய்ப் பார்க்கக் கட்டணமும் இல்லை.

அப்பா அம்மாவுக்கு எழுபது வயது ஆகிறது. முழங்கால் வலி வேறு. கூட்டிப் போகலாமா?

போகலாம், சில மாற்றங்களோடு. உஃபீஸியில் மேல் தளத்துக்கு நீண்ட படிக்கட்டு இருக்கிறது. மின்தூக்கியும் இருக்கிறது, தேவைப்படுகிறவர்கள் நுழைந்ததும் பணியாளரிடம் கேட்க வேண்டும். அகாதெமியாவின் முதன்மைக் கூடங்கள் தரைத்தளத்திலேயே உள்ளன. குவிமாடத்துக்கு 463 படிகள், ஜொத்தோ தொடங்கிய மணிக்கூண்டுக்கு 414 படிகள்; இரண்டிலும் மின்தூக்கி கிடையாது. அவற்றைப் பிள்ளைகளுக்கு விட்டுவிட்டு, பெரியவர்கள் மின்தூக்கி உள்ள பேராலய அருங்காட்சியகத்தில் கதவுகளைப் பார்க்கலாம். இவர்களுக்கெனத் தனி வழிகாட்டி அமர்த்துவதுதான் உகந்தது; குழுவின் வேகத்துக்கு ஈடுகொடுக்க வேண்டியிருக்காது.

குழந்தைகளைக் கூட்டிப் போனால் சங்கடமாக இருக்குமா? நிர்வாணச் சிலைகள், தலை வெட்டும் படங்கள் எல்லாம் இருக்குமே.

18 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு அரசு அருங்காட்சியகங்களில் நுழைவு இலவசம். முன்பதிவும் வயதைக் காட்டும் சான்றும் வேண்டும். நிர்வாணத்தைக் குறித்துப் பெற்றோர் அஞ்சும் அளவுக்குக் குழந்தைகள் பொருட்படுத்துவதில்லை. கேட்டால், மனித உடலின் அழகைப் பழைய கிரேக்க, ரோமானியச் சிலைகளிலிருந்து இந்தச் சிற்பிகள் திரும்பக் கற்றார்கள் என்று நேராகச் சொல்லிவிடலாம். யூதித்து, மெதூசா போன்ற படங்கள் சிறு பிள்ளைகளைக் கலங்கடிக்கக்கூடும். அவற்றைத் தவிர்க்கும்படி வழிகாட்டியிடம் முன்பே சொல்லலாம். பத்து வயதுக்குக் கீழ் உள்ளவர்களுக்கு ஒன்றரை மணி நேரத்துக்கு மேற்பட்ட சுற்று வேண்டாம்.

போட்டோ எடுக்கலாமா?

ஃபிளாஷ் இல்லாமல் எடுக்கலாம். செல்ஃபி கம்பும் முக்காலியும் கூடாது. 2025 ஜூனில் உஃபீஸியில் ஒருவர் படம் எடுத்துக்கொள்வதற்காகப் பின்னோக்கி நகர்ந்து, பழைய உருவப்படம் ஒன்றின் மேல் சாய்ந்து அதைச் சேதப்படுத்தினார். பின்னால் என்ன இருக்கிறது என்று பாராமல் ஓர் அடியும் எடுத்து வைக்காதீர்கள்.

நடுவில் சாப்பாட்டுக்கு என்ன செய்வது? நாங்கள் சைவம்.

தக்காளியும் ரொட்டியும் சேர்த்துக் காய்ச்சும் "பாப்பா அல் பொமோதோரோ", பீன்ஸும் கீரையும் ரொட்டியும் சேர்ந்த "ரிபொல்லித்தா" ஆகிய இரண்டும் ஊரின் பழைய உணவுகள். பொதுவாகச் சைவமானவை, ஆனால் இறைச்சிச் சாறு சேர்த்திருக்கிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள். தெருவண்டிகளில் புகழ்பெற்ற "லாம்ப்ரெதொத்தோ" மாட்டின் இரைப்பை. மாட்டிறைச்சி உண்ணாதவர்கள் பெயரை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். அவ்வூர் ரொட்டியில் உப்பு இருக்காது. அது செய்முறைக் குறையல்ல, வழக்கம்.

கைடு சொல்கிற கதைகளெல்லாம் உண்மைதானா?

ஆண்டுகளும் பெயர்களும் பெரும்பாலும் சரியாகவே இருக்கும். சுவையான கதைகளைத்தான் சற்று நிறுத்திக் கேட்க வேண்டும். வீனஸின் முகம் சிமொனெத்தா வெஸ்பூச்சி என்ற அழகியின் முகம் என்று ஏறக்குறைய எல்லோரும் சொல்வார்கள். அந்தப் பெண் 1476-இல் இறந்துவிட்டார்; படமோ அதற்குச் சில ஆண்டுகள் கழித்து வரையப்பட்டது. அவளை நினைவிலிருந்து வரைந்திருக்கலாம் என்பது ஊகமே தவிரச் சான்று இல்லை. சிஞ்ஞோரியா சதுக்கத்திலுள்ள பழைய அரசு மாளிகையின் சுவர்க்கல்லில் கீறியுள்ள முகத்தின் கோட்டுருவத்தை மைக்கலாஞ்சலோ முதுகுக்குப் பின்னால் கை வைத்துச் செதுக்கினார் என்பதும் செவிவழிக் கதைதான். 1944 ஆகஸ்டில் பின்வாங்கிய ஜெர்மானியப் படை ஆர்னோவின் மற்றப் பாலங்களைத் தகர்த்து, பொன்தே வெக்கியோவை மட்டும் விட்டுவைத்தது என்பது வரலாறு. அதற்கு ஹிட்லரின் ரசனைதான் காரணம் என்று உறுதியாகச் சொல்வது கதை. பாலம் தப்பியது, ஆனால் அதன் இரு முனைகளிலும் இருந்த பழைய குடியிருப்புகள் வெடி வைத்துத் தகர்க்கப்பட்டன என்பதைப் பல சுற்றுகளில் சொல்வதில்லை, கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

கலைஞர்களைப் பற்றி வழிகாட்டிகள் சொல்லும் பழைய கதைகளில் பல, உஃபீஸியைக் கட்டிய வசாரி 1550-இல் வெளியிட்ட கலைஞர் வரலாற்றுத் தொகுப்பிலிருந்து வருகின்றன. அந்த நூல் இல்லாவிட்டால் பல கலைஞர்களைப் பற்றி நமக்கு எதுவுமே கிடைத்திருக்காது; அதே வேளையில் அவர் கதை சொல்வதில் மகிழ்ச்சி கண்டவர். "இதற்கு ஆவணம் இருக்கிறதா, வசாரி சொன்னதா?" என்று பணிவாக ஒரு முறை கேட்டுப் பாருங்கள். நல்ல வழிகாட்டி அந்தக் கேள்விக்குப் பிறகு இன்னும் ஆழமாகப் பேசத் தொடங்குவார்.

இத்தனை படங்களும் இந்த ஒரே ஊரில் எப்படித் தங்கின? வேறு நாடுகளிலிருந்து எடுத்து வந்தவையா?

பெரும்பகுதி இந்த ஊரிலும் சுற்றுப்புறத்திலும் செய்யப்பட்டவை, அல்லது மெதிசி குடும்பத்தினர் விலைக்கும் வாரிசுரிமையாலும் பெற்றவை. அக்குடும்பத்தின் கடைசி வாரிசான ஆன்னா மரியா லுயீசா, ஆட்சி வேறொரு வம்சத்துக்குக் கைமாறிய வேளையில், 1737-இல் ஓர் உடன்படிக்கை செய்தார். அரசுக்கு அணியாகவும் மக்களுக்குப் பயனாகவும் அயலாரை ஈர்ப்பதாகவும் இந்தக் கலைச்செல்வம் இருக்க வேண்டும், அதில் எதையும் நகரத்தை விட்டு எடுத்துச் செல்லக் கூடாது என்பது அதன் சாரம். வேறு பல அரசவைத் தொகுப்புகள் விற்றும் பிரித்தும் சிதறிப்போனபோது இது சிதறாமல் நின்றதற்கு அந்தப் பெண்மணியின் முன்யோசனையே காரணம். 1769-இல் உஃபீஸி பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டது. உங்கள் வழிகாட்டி அவரைக் குறிப்பிடாவிட்டால் நீங்களே கேளுங்கள்; அவருக்கு அந்த மரியாதை உரியது.

ஆனாலும் பல படங்கள் தமக்கு உரிய இடத்தில் இல்லை என்பதும் உண்மை. ஜொத்தோவின் மரியாள், ஓஞ்ஞிஸ்ஸாந்தி கோயிலில் வழிபாட்டுக்கு இருந்த படம். ஆகவே கலைக்கூடத்தோடு நிறுத்தாமல், எந்தக் கட்டடத்துக்காக வரைந்தார்களோ அங்கேயே இருக்கும் ஓவியம் ஒன்றையாவது பார்த்துவிட்டு வாருங்கள். சாந்தா மரியா நொவெல்லாவில் மசாச்சோவின் "திருத்துவம்", சான் மார்கோ மடத்தில் துறவிகளின் ஒவ்வோர் அறையிலும் ஃபிரா ஆஞ்செலிக்கோவும் அவருடைய துணைவர்களும் வரைந்த சுவரோவியங்கள். சான் மார்கோ அகாதெமியாவிலிருந்து சில நிமிட நடைதான்.

நடக்கும்போது சுவர்களில் உயரத்தில் சின்னக் கல்வெட்டும் கோடும் இருக்கின்றன. அவை என்ன?

1966 நவம்பர் 4 அன்று ஆர்னோ கரைபுரண்டபோது நீர் எட்டிய உயரத்தைக் குறிப்பவை. சாந்தா குரோச்சே பகுதியில் சில இடங்களில் அது 6 மீட்டரைத் தாண்டியது. வீடுகளின் சூடேற்றும் எண்ணெய் நீரில் கலந்து, சேறோடு எல்லாவற்றிலும் படிந்தது. கிபெர்த்தியின் கதவிலிருந்து பத்துப் பலகைகளில் ஐந்து பெயர்ந்து விழுந்தன. சாந்தா குரோச்சேயில் இருந்த சிமாபூவேயின் பெரிய சிலுவை வண்ணத்தின் பெரும்பகுதியை இழந்தது. சீரமைத்தவர்கள் இழந்த இடங்களைக் கற்பனையால் நிரப்பாமல், இழப்பு தெரியும்படியே விட்டார்கள். பல நாடுகளிலிருந்து வந்த இளைஞர்கள் தேசிய நூலகத்தின் நூல்களைச் சேற்றிலிருந்து கைக்குக் கை மாற்றிக் காத்தார்கள். இன்றைய உலகக் கலைச் சீரமைப்பு முறைகள் பல அந்தப் பேரழிவுக்குப் பின் இங்கே வளர்ந்தவை. இதைச் சொல்லாத நடைச்சுற்று குறையுடையது என்பது என் கருத்து.

உஃபீஸிக்குப் பின்னால் உள்ள ஜொர்ஜோஃபீலி தெருவில் ஓர் ஒலிவ மரம் நடப்பட்டிருக்கிறது. 1993 மே 27 அன்று மாஃபியா வைத்த கார் குண்டு அங்கே ஐந்து பேரைக் கொன்றது, கலைக்கூடமும் சேதமடைந்தது. இரண்டு நிமிடத் திருப்பம்தான். வழிகாட்டியிடம் கேட்டால் கூட்டிச் செல்வார்.

அங்கே ஓர் இந்திய மகாராஜாவுக்கு நினைவுச் சின்னம் இருக்கிறதாமே? டூரில் அது வருமா?

வராது, அது நகர மையத்துக்கு வெளியே, காஷீனே பூங்காவின் மேற்குக் கோடியில் இருக்கிறது. கோல்ஹாப்பூர் அரசர் இராஜாராம், இங்கிலாந்திலிருந்து திரும்பும் வழியில் 1870 நவம்பர் 30 அன்று ஃபுளோரன்ஸில் காலமானார். இந்து முறைப்படி, ஆர்னோவும் முஞ்ஞோனே என்ற சிற்றாறும் கூடும் இடத்தில் அவருடைய உடல் எரியூட்டப்பட்டது. அந்த இடத்தில் 1874-இல் விதானத்தோடு கூடிய மார்பளவுச் சிலை நிறுவப்பட்டது. பக்கத்தில் பிற்காலத்தில் கட்டிய பாலத்துக்கும் "இந்தியர் பாலம்" என்றே பெயர். பொன்தே வெக்கியோவிலிருந்து ஆற்றங்கரையோடு போனால் நான்கு கிலோமீட்டருக்கு மேல் ஆகும் என்பதால், கலைக்கூட நாளில் இதைச் சேர்க்க வேண்டாம். இரண்டாம் நாள் காலையில் மிதிவண்டி வாடகைக்கு எடுத்துப் போவது வசதி. பூங்கா முழுவதும் சமதளமான நிழல் பாதைதான்.